கேம் டிஸ்க் நகல் பாதியில் நிற்கிறதா? அறிகுறி பார்த்துப் பிழை நீக்கும் வழி

காசு கொடுத்து வாங்கிய கேம் டிஸ்க்குகளைக் கம்ப்யூட்டரில் நகலெடுத்து வைக்கலாம் என்று உட்கார்ந்தால், முதல் டிஸ்க்கிலேயே ஏதாவது ஒன்று முட்டும். முப்பது சதவீதத்தில் கோடு நகராமல் நிற்கும். முழுசாக முடிந்த நகலை ஓட்டினால் பாட்டு வராது. சில சமயம் டிரைவ் டிஸ்க்கையே கண்டுகொள்ளாது. உடனே வேறு மென்பொருள் தேட ஆரம்பித்துவிடுகிறோம். ஆனால் கோளாறு பெரும்பாலும் அங்கே இருக்காது. டிஸ்க்கின் பரப்பு, டிரைவின் லென்ஸ், யூஎஸ்பியில் வரும் கரண்ட், தப்பாகத் தேர்ந்த கோப்பு வடிவம் என்ற இந்த நாலைப் பார்த்துவிட்டுத்தான் மென்பொருளைக் குறை சொல்ல வேண்டும்.

சென்னையில் இருப்பவர்கள் இந்த வேலையைத் தள்ளிப்போடாதீர்கள். பிளேஸ்டேஷன் 1 ஜப்பானில் வந்தது 1994இல், பிளேஸ்டேஷன் 2 வந்தது 2000இல். அந்த டிஸ்க்குகள் இருபது, முப்பது வருடமாக நம் கடற்காற்றிலும் ஈரத்திலும் பரண்மேல் கிடக்கின்றன. 2015 டிசம்பர் வெள்ளத்திலும் 2023 டிசம்பர் மிக்ஜாம் புயலிலும் தரைத்தள வீடுகளில் நனைந்தவை வேறு. இன்றைக்குக் கஷ்டப்பட்டாவது படிக்கிற டிஸ்க் இன்னும் சில மழைக்காலம் போனால் படிக்காமலே போகலாம்.

சட்டம் பற்றி ஒரு வார்த்தை. இந்தியப் பதிப்புரிமைச் சட்டம் 1957, 52ஆம் பிரிவில், கம்ப்யூட்டர் நிரலை முறைப்படி வைத்திருப்பவர் தொலைந்துபோவது, சேதம் இவற்றுக்கு எதிரான தற்காலிகப் பாதுகாப்பாக நகல் எடுத்துக்கொள்ள இடம் தருகிறது. டிஸ்க்கை விற்றுவிட்டால் நகலையும் அழித்துவிட வேண்டும் என்பதுதான் இதற்கு நான் கொள்ளும் பொருள். நண்பருக்குப் பென் டிரைவில் போட்டுக் கொடுக்க இதில் இடமில்லை. 2012 திருத்தத்தில் சேர்ந்த 65ஏ பிரிவு, உரிமையை மீறும் நோக்கத்தோடு பாதுகாப்புப் பூட்டை உடைப்பதைக் குற்றமாக்குகிறது. கீழே சொல்வது எல்லாம் டிஸ்க்கில் உள்ளதை உள்ளபடி படித்து வைக்கும் வேலை. பூட்டு உடைக்கும் சமாச்சாரம் எதுவும் இல்லை.

பர்மா பஜாரில் அந்தக் காலத்தில் வாங்கிய டூப்ளிகேட் டிஸ்க்குக்கு இந்தச் சலுகை பொருந்தாது. எல்லாம் ஒரே பெட்டியில் கலந்து கிடந்தால் அடிப்பக்கத்தைத் திருப்பிப் பாருங்கள். பிளேஸ்டேஷன் 1 ஒரிஜினல் கருப்பாக இருக்கும். பிளேஸ்டேஷன் 2இல் சிடி என்றால் நீலம், டிவிடி என்றால் வெள்ளி. ரைட்டரில் எழுதிய டிவிடியில் பொதுவாக ஊதாச் சாயல் அடிக்கும். நடு ஓட்டையைச் சுற்றிய வளையத்தையும் வெளிச்சத்தில் சாய்த்துப் பாருங்கள். தொழிற்சாலையில் அச்சான டிஸ்க்கில் ஐஎஃப்பிஐ (IFPI) என்று தொடங்கும் பொடி எழுத்துக் குறியீடு பெரும்பாலும் அங்கே இருக்கும்.

டிஸ்க் போட்டதும் டிரைவ் கண்டுகொள்ளவே இல்லை

முதலில் சத்தத்தைக் கேளுங்கள். சுற்ற ஆரம்பித்து, டக் டக் என்று இரண்டு தட்டு தட்டி, நின்று, மறுபடி சுற்றப் பார்த்தால் கரண்ட் போதவில்லை என்று சந்தேகப்படுங்கள். யூஎஸ்பி 2 போர்ட் தருவது 500 மில்லிஆம்பியர், யூஎஸ்பி 3 தருவது 900. மெல்லிய வெளி டிவிடி டிரைவ் சுற்ற ஆரம்பிக்கும் நொடியில் அதற்கு மேலும் கேட்கும். ஹப்பில் செருகியிருந்தால் எடுத்து நேராகக் கம்ப்யூட்டரில் செருகுங்கள். டெஸ்க்டாப் என்றால் முன்பக்கப் போர்ட்டை விட்டுவிட்டு, மதர்போர்டோடு சேர்ந்த பின்பக்கப் போர்ட். அப்படியும் தட்டினால் இரண்டு போர்ட்டில் செருகும் இரட்டைத் தலை கேபிள் வாங்குங்கள்.

இதைவிட நல்ல ஏற்பாடு, டெஸ்க்டாப்பில் இருக்கும் பெரிய சாட்டா டிவிடி ரைட்டரைத் தனி அடாப்டரோடு யூஎஸ்பியில் இணைத்துக்கொள்வது. ரிச்சி தெருவில் பழைய ரைட்டர்கள் இன்னும் கிடைக்கின்றன. "எதுக்குத் தம்பி இது, இப்ப யாரு இதக் கேக்குறா?" என்பார் கடைக்காரர். "பழைய கேம் சிடிய எல்லாம் ஏத்தி வைக்கணும்ணே, ஒரு தடவை போட்டுப் பாத்துக்கலாமா?" என்று கேட்டால் சலிக்காமல் செருகிக் காட்டுவார். அதற்காகக் கையில் இரண்டு டிஸ்க் கொண்டு போங்கள். ஒரு சிடி, ஒரு இரட்டை அடுக்கு டிவிடி. ஏன் இரண்டு என்றால், சிடிக்கு 780 நானோமீட்டர் லேசர், டிவிடிக்கு 650 நானோமீட்டர் லேசர். ஒரே டிரைவுக்குள் ஒன்று செத்து மற்றது உயிரோடு இருக்கலாம்.

அதனால்தான் "டிவிடி எல்லாம் படிக்குது, பிளேஸ்டேஷன் 1 டிஸ்க் மட்டும் படிக்க மாட்டேங்குது" என்று சிலர் குழம்புகிறார்கள். டிஸ்க்கில் பிழையே இருக்காது. அந்த டிரைவின் சிடி லேசர் போயிருக்கும். வேறு ஏதாவது பாட்டு சிடியைப் போட்டுப் பாருங்கள். அதுவும் படிக்கவில்லை என்றால் டிரைவை மாற்ற வேண்டியதுதான்.

இரண்டு வகையும் தடுமாறினால் லென்ஸ். பல மாதம் ஓட்டாமல் வைத்த டிரைவில் தூசும் மெல்லிய பூஞ்சைப் படலமும் படிந்திருக்கும். மெல்லிய டிரைவில் தட்டை வெளியே இழுத்தால் லென்ஸ் கண்ணெதிரே தெரியும். காது பட்ஸில் ஐசோபுரோப்பைல் ஆல்கஹால் ஒரு சொட்டு தொட்டு, உதறி, லென்ஸ்மேல் அழுத்தமே இல்லாமல் ஒரு சுற்று சுற்றி எடுங்கள். லென்ஸ் சின்னக் கம்பிகளில் தொங்கிக்கொண்டிருக்கிறது. அழுத்தினால் வளைந்துவிடும்.

போட்டது நிண்டெண்டோவின் கேம்கியூப் அல்லது வீ (Wii) டிஸ்க் என்றால் மேலே சொன்ன எதுவும் வேண்டாம். சாதாரண கம்ப்யூட்டர் டிரைவ் அதைப் படிக்காது. சில குறிப்பிட்ட பழைய டிரைவ்கள் மட்டும் விதிவிலக்கு.

டிஸ்க் திறக்கிறது, ஆனால் உள்ளே கொஞ்சம்தான் தெரிகிறது

முதல் எக்ஸ்பாக்ஸ் டிஸ்க்கைக் கம்ப்யூட்டரில் போட்டால் சின்ன வீடியோ ஒன்றுதான் தெரியும். இந்த டிஸ்க்கை எக்ஸ்பாக்ஸில் போடுங்கள் என்று அது சொல்லும். விளையாட்டு இருக்கும் பகுதி சாதாரண டிரைவின் கண்ணுக்குப் படாது. ட்ரீம்காஸ்ட் டிஸ்க்கும் இப்படித்தான். ஒரு ஜிபி வரை கொள்ளும் அந்த டிஸ்க்கில் உட்பக்கத்துச் சின்னப் பகுதி மட்டும் சாதாரண சிடி போல எழுதப்பட்டது. டிஸ்க்கிலும் டிரைவிலும் பழுது இல்லை. தேய்த்துக் கழுவிப் பாழாக்க வேண்டாம், பெட்டியில் போட்டு வையுங்கள். சேகா சாட்டர்ன் டிஸ்க் சாதாரண டிரைவில் நன்றாகப் படிக்கும், அதைத் தைரியமாக எடுக்கலாம்.

கோப்புகளை இழுத்துப் போட்டால் பிழை வருகிறது. அல்லது நகல் ஓடுகிறது, பாட்டும் வீடியோவும் இல்லை

அதிகம் பேர் தடுக்கி விழும் இடம் இது. கொஞ்சம் நிதானமாகப் பார்ப்போம்.

சிடியில் தகவல் செக்டார் என்ற சின்னச் சின்னத் துண்டுகளாக இருக்கிறது, ஒவ்வொரு செக்டாரும் 2352 பைட். சாதாரண டேட்டா சிடியில் அதில் 2048 பைட்தான் நமக்கான தகவல், மிச்சம் முகவரியும் பிழை திருத்தும் குறியீடும். பிளேஸ்டேஷன் 1 டிஸ்க்கில் விளையாட்டு நிரல் அப்படித்தான் இருக்கிறது. வீடியோவும் நடுநடுவே ஓடும் இசையும் வேறு மாதிரி. அங்கே இடத்தை மிச்சப்படுத்த, பிழை திருத்தும் குறியீட்டை எடுத்துவிட்டு ஒரு செக்டாருக்கு 2324 பைட் தகவல் வைத்திருக்கிறார்கள். விண்டோஸில் கோப்பை இழுத்துப் போடும்போது அது எல்லா செக்டாரையும் 2048 என்று நினைத்துப் படிக்கிறது. வீடியோ கோப்பு வந்ததும் பிழை சொல்லி நிற்கிறது, இல்லை என்றால் நறுக்கிய கோப்பை வைக்கிறது. டிஸ்க் முழுவதையும் ஒரே கோப்பாக வைக்கும் ஐஎஸ்ஓ (.iso) வடிவமும் செக்டாருக்கு 2048 பைட் மட்டுமே வைத்துக்கொள்ளும். அதனால் பிளேஸ்டேஷன் 1 டிஸ்க்கை ஐஎஸ்ஓவாக எடுத்தால், நகல் திறக்கும், மெனு வரும், அறிமுக வீடியோ வரும் இடத்தில் கருப்புத் திரை.

தீர்வு: சிடியாக இருக்கும் எந்த கேம் டிஸ்க்கையும் பின்–கியூ (.bin, .cue) வடிவில் எடுங்கள். பின் கோப்பில் 2352 பைட்டும் அப்படியே வரும். கியூ என்பது எந்தப் பாட்டு எங்கே தொடங்குகிறது என்று சொல்லும் சின்ன உரைக் கோப்பு. இமேஜ் பர்ன் மென்பொருளில் டிஸ்க்கை இமேஜாக மாற்றும் முறையைத் தேர்ந்தால், டிஸ்க்கின் வகையைப் பார்த்து அதுவே பின்–கியூவுக்கு மாறிக்கொள்ளும். இதன் கடைசிப் பதிப்பு 2013இல் வந்தது, இன்றும் வேலை செய்கிறது. நிறுவும்போது கூடவே வேறு மென்பொருளும் வேண்டுமா என்று கேட்டால் வேண்டாம் என்று சொல்லி ஒவ்வொரு பெட்டியிலும் டிக்கை எடுத்துவிடுங்கள். பிளேஸ்டேஷன் 2இன் நீல அடி டிஸ்க்கும் சிடிதான், அதற்கும் பின்–கியூ. வெள்ளி அடி டிவிடிக்கு ஐஎஸ்ஓ போதும்.

வீடியோ வருகிறது, பின்னணிப் பாட்டு மட்டும் இல்லை என்றால் வேறு காரணம். சில கேம்களில் பாட்டு, சாதாரண ஆடியோ சிடி போலத் தனித் தடங்களாக இருக்கும். எடுத்தது முதல் தடம் மட்டும், அல்லது எமுலேட்டரில் (கம்ப்யூட்டரைப் பழைய கேம் மெஷின் போல நடந்துகொள்ள வைக்கும் மென்பொருள்) நேராகப் பின் கோப்பைத் திறந்துவிட்டீர்கள். எமுலேட்டரிடம் எப்போதும் கியூ கோப்பையே காட்டுங்கள்.

கியூவைக் காட்டினால் "கோப்பு கிடைக்கவில்லை" என்கிறதா? பின் கோப்பின் பெயரை மாற்றியிருப்பீர்கள். கியூவை நோட்பேடில் திறந்தால் முதல் வரியில் மேற்கோள் குறிக்குள் பழைய பெயர் இருக்கும். அதைப் புதுப் பெயருக்கு மாற்றிச் சேமித்தால் முடிந்தது. சில பழைய எமுலேட்டர்கள் தமிழ் எழுத்துள்ள ஃபோல்டர் பெயரில் தடுமாறும், அங்கே சாதாரண ஆங்கிலப் பெயரே வைத்துக்கொள்ளுங்கள்.

"700 எம்பி சிடி, நகல் 800 எம்பிக்கு மேல் வருகிறதே" என்றும் கேட்கிறார்கள். 2352 பைட்டும் வருவதால் அப்படித்தான் இருக்கும். 80 நிமிட சிடி முழுக்க நிறைந்திருந்தால் பின் கோப்பு சுமார் 847 எம்பி வரை போகும்.

பாதியில் படிக்க முடியவில்லை என்று நிற்கிறது

பிழை வந்த சதவீதத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். டிஸ்க் உள்ளிருந்து வெளியே படிக்கப்படுகிறது. ஆரம்பத்திலேயே நின்றால் கோளாறு நடு ஓட்டைப் பக்கம். கடைசியில் நின்றால் வெளி விளிம்பில், கைரேகை படும் இடத்தில். எங்கே பார்க்க வேண்டும் என்பதை அந்த எண் சொல்லிவிடும். (இரட்டை அடுக்கு டிவிடிக்கு இந்தக் கணக்கு இப்படியே பொருந்தாது, அதைத் தனியாகக் கீழே சொல்கிறேன்.)

டிஸ்க்கை டியூப் லைட்டுக்குக் கீழே சாய்த்துப் பிடித்து மெதுவாகத் திருப்புங்கள். நடுவிலிருந்து விளிம்புக்கு நேராகப் போகும் கீறல் பயமில்லை. லேசர் அதைக் குறுக்கே கடந்துபோகும், தடத்தின் நீளத்தில் சுமார் 2.5 மில்லிமீட்டர் வரையிலான இழப்பைச் சிடியின் பிழை திருத்தமே சமாளித்துவிடும். வட்டமாக, தடத்தோடு சேர்ந்து ஓடும் கீறல்தான் ஆபத்து. அது மெல்லிசாக இருந்தாலும் ஒரே தடத்தில் நீளமாகத் தகவலை மறைக்கிறது.

அப்புறம் விளக்கை அணைத்து, படம் அச்சிட்ட பக்கத்துக்குப் பின்னால் செல்போன் டார்ச்சைப் பிடித்து, அடிப்பக்கத்திலிருந்து பாருங்கள். ஊசி குத்தியது போல வெளிச்சப் புள்ளிகள் தெரிந்தால் அங்கே அலுமினியப் படலம் அரித்துப்போயிருக்கிறது. சிடியில் தகவல் அடுக்கு இருப்பது மேல் அச்சுக்கு நேர் கீழே. அதன்மேல் இருப்பது மெல்லிய அரக்குப் பூச்சு மட்டும். அடியில் 1.2 மில்லிமீட்டர் பிளாஸ்டிக் காப்பு உண்டு, மேலே அந்தப் பாதுகாப்பு இல்லை. அதனால் சிடியை வைக்கும்போது மேல் பக்கத்தைக் கீறவிடாமல் பார்த்துக்கொள்வதுதான் முக்கியம். டிவிடியில் தகவல் அடுக்கு இரண்டு 0.6 மில்லிமீட்டர் பிளாஸ்டிக்குக்கு நடுவில் இருக்கிறது. அரித்துப்போன புள்ளியை எந்தப் பாலிஷும் திரும்பக் கொண்டு வராது.

சுத்தம் செய்வது இப்படி. வெதுவெதுப்பு கூட வேண்டாம், சாதாரணத் தண்ணீரில் ஒரு துளி பாத்திரம் கழுவும் திரவம். விரல் நுனியால் மெதுவாக, நடுவிலிருந்து விளிம்புக்கு நேர்க்கோட்டில். அலசி, மைக்ரோஃபைபர் துணியால் அதே திசையில் ஒற்றி எடுங்கள். வட்டமாகத் துடைத்தால் நீங்களே அந்த ஆபத்தான வகைக் கீறலைப் போடுகிறீர்கள். பூஞ்சைப் புள்ளி போகவில்லை என்றால் ஐசோபுரோப்பைல் ஆல்கஹால். அச்சுப் பக்கத்தில் அது படாமல் பார்த்துக்கொள்ளுங்கள், மை கரையும். பற்பசை போட்டுத் தேய்ப்பது இன்னும் பலர் சொல்லும் வைத்தியம். சில நேரம் பலன் கொடுத்தது போலத் தெரியும், அதே நேரம் நூற்றுக்கணக்கான நுண்கீறல்களையும் போட்டுவிடும். கைவிட்டுவிடுங்கள். புளூ-ரே டிஸ்க்கில் தகவல் அடுக்கு அடிப்பரப்பிலிருந்து 0.1 மில்லிமீட்டர் ஆழத்தில்தான் இருக்கிறது. அதை எந்த மெஷினிலும் பாலிஷ் போடக் கொடுக்கக் கூடாது.

வெள்ளத்தில் நனைந்த டிஸ்க் என்றால், சேறு காய்ந்திருந்தாலும் சுரண்டாதீர்கள். சேற்று மணல் உப்புத்தாள் மாதிரி அறுத்துவிடும். சுத்தத் தண்ணீரில் ஊறப் போட்டுத் தானாகக் கரைய விடுங்கள். காகித உறை ஒட்டியிருந்தாலும் இதே வழி, ஊறி வழுக்கி வரும்வரை பொறுமை வேண்டும். பிறகு நிழலில் செங்குத்தாக நிறுத்திக் காயவையுங்கள். வெயிலில் வைத்தால் வளையும்.

சுத்தம் செய்த பிறகு வேகத்தைக் குறையுங்கள். 48 மடங்கு வேகத்தில் படித்தே ஆக வேண்டும் என்ற அவசியம் நமக்கு இல்லை. சிடிக்கு 8, டிவிடிக்கு 4 மடங்கு வைத்துப் பாருங்கள். 8 மடங்கில் ஒரு முழு சிடி சுமார் பத்து நிமிடம், 4 மடங்கில் ஒரு அடுக்கு டிவிடி பதினைந்து நிமிடத்துக்குள். கத்திரி வெயில் மாதத்தில் டிரைவுக்கும் இடைவெளி கொடுங்கள். முதல் டிஸ்க் நன்றாகப் போய் மூன்றாவதில் இருந்து எல்லாமே பிழை சொன்னால் டிரைவ் சூடாகிவிட்டது என்று அர்த்தம். மின்விசிறிக் காற்றில் அரை மணி நேரம் ஆறவிட்டு அதே டிஸ்க்கைத் திரும்பப் போடுங்கள்.

அதன் பிறகும் சில செக்டார்கள் முரண்டு பிடித்தால் இரண்டாவது டிரைவை எடுங்கள். ஒரு டிரைவ் விட்ட இடத்தை இன்னொன்று படிப்பது ரொம்பச் சாதாரணம். டிவிடிக்கு டிடிரெஸ்க்யூ என்ற இலவச மென்பொருள் இதற்கென்றே பிறந்தது போல. எந்த இடம் படித்தாயிற்று, எது பாக்கி என்று ஒரு வரைபடக் கோப்பில் எழுதிக்கொண்டே போகும். நிறுத்தி, டிஸ்க்கைக் கழுவி, வேறு டிரைவில் போட்டு, அதே வரைபடக் கோப்போடு மறுபடி ஓட்டினால் பாக்கி இடங்களை மட்டும் முயலும். செக்டார் அளவு 2048 என்று கொடுக்க மறக்க வேண்டாம். பிளேஸ்டேஷன் 1 சிடிக்கு இதைப் பயன்படுத்தாதீர்கள். இதுவும் 2048 கணக்கில்தான் படிக்கும், மேலே சொன்ன பாட்டு–வீடியோ பிரச்சினை திரும்ப வரும். சிடிக்கு ரீடம்ப்பர் அல்லது டிஸ்க் இமேஜ் கிரியேட்டர் சரியான கருவி. இவை கமாண்ட் வரியில் ஓடுபவை, முதல் முறை கொஞ்சம் மிரட்டும், ஆனால் கற்றுக்கொள்ளும் சிரமத்துக்குத் தகுந்த பலன் உண்டு.

டிஸ்க் பளபளவென்று இருக்கிறது, ஆனாலும் தொடக்கத்திலேயே வரிசையாகப் பிழை

பழைய கம்ப்யூட்டர் கேம் டிஸ்க்காக இருந்தால் இதைச் சுத்தம் செய்து பயனில்லை. சேஃப்டிஸ்க் என்ற பாதுகாப்பு முறையில் தொடக்கப் பகுதியில், சுமார் 800இலிருந்து 10,000 வரையிலான செக்டார்களுக்குள், வேண்டுமென்றே படிக்க முடியாத செக்டார்களை வைத்திருப்பார்கள். பிழைகள் அந்த இடத்தோடு நின்று, மீதி டிஸ்க் தடையில்லாமல் படித்தால் டிரைவும் டிஸ்க்கும் நலம். அந்த விளையாட்டு புது விண்டோஸில் ஒரிஜினல் டிஸ்க்கைப் போட்டாலும் ஓடாது. சேஃப்டிஸ்க்குக்குத் தேவையான டிரைவர் கோப்பு விண்டோஸ் 10இல் இல்லை. விண்டோஸ் 7, 8இலும் 2015 செப்டம்பர் அப்டேட்டில் அதை முடக்கிவிட்டார்கள். நகல் கெட்டுவிட்டதோ என்று நினைக்க வேண்டாம்.

டிவிடி சரியாகப் பாதியில் நிற்கிறது

கோப்பின் அளவு எட்டு ஜிபி சொச்சம் என்று காட்டி, நடுவில் நின்றால் அது இரட்டை அடுக்கு டிவிடி. ஒற்றை அடுக்கு 4.7 ஜிபி, இரட்டை 8.5 ஜிபி. பிளேஸ்டேஷன் 2இன் பிற்காலப் பெரிய கேம்கள் சில இப்படி வந்தன. முதல் அடுக்கு முடிந்ததும் லென்ஸ் இரண்டாம் அடுக்குக்குக் குவியத்தை மாற்ற வேண்டும். வயதான டிரைவ் அங்கே தோற்கும். மற்றொரு டிரைவில் போட்டால் பெரும்பாலும் தீரும். ரிச்சி தெருவுக்கு இரட்டை அடுக்கு டிவிடி கொண்டு போகச் சொன்னது இதற்காகத்தான்.

4 ஜிபியில் நிற்கிறது

டிஸ்க்கைத் தொடாதீர்கள். நகல் போய்ச் சேரும் பென் டிரைவோ ஹார்ட் டிஸ்க்கோ ஃபேட்32 வடிவில் இருக்கிறது. அதில் ஒரு கோப்பு 4 ஜிபியைத் தாண்ட முடியாது. எக்ஸ்ஃபேட் வடிவுக்கு ஃபார்மேட் செய்யுங்கள், உள்ளே இருப்பதை முதலில் வேறு இடத்துக்கு மாற்றிவிட்டு.

100 சதவீதம் முடிந்தது, விளையாட்டு நடுவில் உறைந்துவிடுகிறது

இமேஜ் பர்னில் படிக்கும் பிழைகளைப் பொருட்படுத்தாதே என்ற தேர்வு இருக்கிறது. அதை டிக் செய்திருந்தால், படிக்க முடியாத இடங்களில் வெற்றுத் தகவலை நிரப்பிக்கொண்டு மென்பொருள் போய்க்கொண்டே இருக்கும். கடைசியில் வெற்றி என்று சொல்லும். அந்த ஓட்டை நாலாவது கட்டத்து வரைபடத்தில் இருந்தால், நீங்கள் நாலாவது கட்டம் போகும்வரை தெரியாது. அந்த டிக்கை எடுத்துவிடுங்கள். ஏற்கெனவே எடுத்த நகல் என்றால், மென்பொருள் தான் செய்ததை எழுதி வைக்கும் லாக் கோப்பில் பிழை வரி இருக்கிறதா என்று தேடுங்கள்.

கால்குலேட்டர் இருந்தால் ஒரு சின்னச் சோதனையும் செய்யலாம். ஐஎஸ்ஓ கோப்பின் அளவைப் பைட்டில் எடுத்து 2048ஆல் வகுங்கள். பின் கோப்பை 2352ஆல். மீதி வந்தால் கோப்பு அறுந்திருக்கிறது, திரும்ப எடுக்க வேண்டும். மீதி வராவிட்டாலும் நகல் சரி என்று ஆகிவிடாது, அறுபடவில்லை என்று மட்டும் தெரியும்.

ஐரோப்பிய டிவி முறைக்கான பால் (PAL) பதிப்பு பிளேஸ்டேஷன் 1 டிஸ்க்கில் இன்னொரு காரணம் உண்டு. சிலவற்றில் லிப்கிரிப்ட் என்ற பாதுகாப்பு, முக்கியத் தகவலோடு கூடவே ஓடும் துணைத் தடத் (சப்சேனல்) தகவலில் இருக்கிறது. சாதாரணப் பின்–கியூவில் அந்தத் துணைத் தடம் வராது. விளையாட்டு ஆரம்பித்து ஒரே இடத்தில் தவறாமல் உறையும். நகலில் ஓட்டை இருந்தாலும் ஒரே இடத்தில்தான் உறையும், அதனால் முதலில் லாக்கில் பிழை இல்லை என்று உறுதி செய்துகொள்ளுங்கள். பிறகு துணைத் தடத்தையும் சேர்த்துப் படிக்கும் ரீடம்ப்பரில் அதே டிஸ்க்கைத் திரும்ப எடுங்கள். டக்ஸ்டேஷன் போன்ற எமுலேட்டர்கள் இந்தத் தகவல் இல்லை என்றால் தாமே எச்சரிக்கும்.

இரண்டு தடவை எடுத்தேன், இரண்டும் வேறு வேறாக இருக்கிறது

இப்படி இரண்டு தடவை எடுத்து ஒப்பிடுகிறவர்தான் சரியான வழியில் போகிறார். ஒரு தடவை எடுத்த நகலை நான் நகல் என்றே சொல்ல மாட்டேன். 7-ஜிப் மென்பொருள் நிறுவியிருந்தால் கோப்பின்மேல் வலது கிளிக் செய்து ஷா-1 எண்ணை (கோப்பில் உள்ளதை வைத்துக் கணக்கிடும் அடையாள எண்) எடுக்கலாம். இரண்டு நகலுக்கும் அந்த எண் எழுத்துக்கு எழுத்து ஒன்றாக இருக்க வேண்டும்.

எடுக்க எடுக்க எண் மாறிக்கொண்டே இருந்தால், டிரைவ் சில இடங்களில் தோராயமாகப் படித்துச் சமாளிக்கிறது. வேகத்தைக் குறையுங்கள், கேபிளை மாற்றுங்கள், அடுத்த டிரைவைப் பாருங்கள். எத்தனை டிஸ்க் போட்டாலும் இந்தக் கதைதான் என்றால் கம்ப்யூட்டரின் ராமைச் சோதிக்கவும்.

இரண்டும் ஒன்றாக இருக்கிறது, ரீடம்ப் என்ற பொதுத் தரவுப் பட்டியலில் உள்ள எண்ணோடு மட்டும் ஒத்துப்போகவில்லை என்றால் முதலில் உங்கள் டிஸ்க் எந்தப் பதிப்பு என்று பாருங்கள். ஒரே விளையாட்டு அமெரிக்கா, ஐரோப்பா, ஜப்பான் என்று தனித்தனியாகவும், ஒரே நாட்டிலேயே திருத்திய மறுபதிப்பாகவும் வந்திருக்கும். டிஸ்க்கின்மேல் அச்சான குறியீட்டு எண்ணை வைத்துத் தேடுங்கள். டேட்டா தடம் பொருந்தி ஆடியோ தடங்கள் மட்டும் பொருந்தவில்லையா? ஒவ்வொரு டிரைவ் மாடலும் ஆடியோவைச் சில சாம்பிள் (ஒலியின் மிகச் சின்னத் துண்டு) முன்போ பின்போ தள்ளிப் படிக்கும். பல பிளெக்ஸ்டர் டிரைவ்களுக்கு அந்தத் திருத்தம் 30 சாம்பிள், பல எல்ஜி, ஆசஸ் டிரைவ்களுக்கு 6. ஒரு நொடிக்கு 44,100 சாம்பிள், ஆக காதுக்கு வித்தியாசமே தெரியாது. எண் பொருந்தியே ஆக வேண்டும் என்றால் ரீடம்ப்பர் அந்தத் தள்ளலைச் சரிசெய்து கொடுக்கும்.

சுருக்கிய பிறகு திறக்கவில்லை

இடம் மிச்சம் பிடிக்கச் சிஹெச்டி (.chd) என்ற சுருக்கிய வடிவுக்கு மாற்றுவது நல்ல பழக்கம். தகவல் எதுவும் இழப்பதில்லை. மாற்றித் தருவது மேம் எமுலேட்டரோடு வரும் சிஹெச்டிமேன். திறக்கவில்லை என்றால் முதலில் எமுலேட்டரைப் புதுப்பியுங்கள், பழைய பதிப்புகளுக்கு இந்த வடிவம் தெரியாது. பிறகு எதை மூலமாகக் கொடுத்தீர்கள் என்று பாருங்கள். சிடி என்றால் கியூவைக் கொடுத்திருக்க வேண்டும், பின் கோப்பை அல்ல. சிஹெச்டிமேனிலேயே சரிபார்க்கும் கட்டளை இருக்கிறது. அது தேறும்வரை மூலப் பின்–கியூவை அழிக்காதீர்கள்.

சிஹெச்டியிலிருந்து திரும்பப் பின்–கியூ எடுத்து ஷா-1 பார்க்கிறவர்களுக்கு ஒன்று. பல தடங்கள் தனித்தனிப் பின் கோப்புகளாக இருந்த டிஸ்க், திரும்ப வரும்போது வழக்கமாக ஒரே பின் கோப்பாக வரும். தடத்துக்குத் தடம் எண்ணை ஒப்பிட முடியாது. பழைய பின் கோப்புகளை வரிசையாக ஒன்றாகச் சேர்த்து, அந்த முழுக் கோப்பின் எண்ணோடு ஒப்பிட்டால் பொருந்தும்.